ராசியான பேர்

அத்தியாயம் 11

எல்லாப் பெயருக்கும் அர்த்தம் கேட்பார்கள். போதும்பொண்ணின் பெயருக்கு மட்டும் யாரும் கேட்டதில்லை. கேட்க என்ன இருக்கிறது? கதவில் 'உள்ளே வராதே' என்று எழுதியிருந்தால் அதற்குப் பொழிப்புரையா வேண்டும்?

ஒன்பதாம் வகுப்பில் ஒரு வாத்தியார் பிள்ளைகளை ஒவ்வொருவராக எழுப்பி, தங்கள் பெயருக்கு என்ன பொருள் என்று சொல்லச் சொன்னார். கலைப்பிரியா எழுந்து கலையை நேசிப்பவள் என்றாள். கை தட்டினார்கள். இவள் முறை வந்ததும் வாத்தியாரே கையமர்த்தி, "நீ உக்காரும்மா" என்றார். வகுப்பு சிரித்தது. அதற்கும் கை தட்டல் கிடைத்தது.

அந்தப் பெயர் எந்தச் சாமியிடமிருந்தும் வரவில்லை. தேவகி, தமிழ்ச்செல்வி என்று இரண்டு பெண்களுக்குப் பிறகு மூன்றாவதாக இவள் வந்து விழுந்தபோது, அப்பா வீரமுத்துவுக்கு வந்த எரிச்சலிலிருந்து வந்தது. அந்தப் பக்கத்தில் அது பழைய வழக்கம். வரிசையாகப் பெண்ணாகவே பிறந்தால் கடைசியாக வந்தவள் தலையில் அந்தப் பெயரைக் கட்டுவார்கள். தெய்வத்துக்கு மனு போடுகிற மாதிரி. மனுவைச் சுமப்பவள் ஒருத்தி, பலனை அனுபவிப்பவன் ஒருத்தன்.

இவள் விஷயத்தில் மனு பலித்தது. அடுத்தது தம்பி, பூவரசன்.

பூவரசன் மனைவி கவிதாவின் வயிற்றில் மூன்றாவது வளர்ந்துகொண்டிருந்தபோது, வீரமுத்து திண்டிவனத்துக்கே பஸ் ஏறி வந்து, மகள் டோக்கன் கொடுக்கும் ஸ்கேன் சென்டர் வாசலில் நின்றது வாசகர்களுக்கு நினைவிருக்கும். ஆணா பெண்ணா என்று டாக்டரம்மாவிடம் ஒரு வார்த்தை கேட்டுச் சொல் என்று அவர் கெஞ்சினார். சுவரில் ஒட்டியிருந்த எச்சரிக்கைப் பலகையைக் காட்டி அவள் திருப்பி அனுப்பினாள். அன்று முறிந்த பேச்சு. குழந்தை பிறந்த சேதியைக்கூட அம்மணிதான் சொன்னாள். கவிதாவைப் பெற்றவள்.

நேற்று திடீரென்று அப்பனிடமிருந்து போன் வந்தது. குரலில் தேன் வடிந்தது.

"யம்மா போதும், நாளைக்கி டிஸ்சார்ஜு. அத்தக்காரி நீ வந்துதான் கொழந்தைய வூட்டுக்குள்ள எடுத்தாரணும்."

"பூவரசன் கூப்பிட மாட்டானா?"

"அவன் கூப்டா இன்னா, நான் கூப்டா இன்னா? உனுக்குப் பொடவ எடுத்து வச்சிகினு கீறேன். ஜல்தியா வந்து சேரு."

புடவை என்றதும் அவள் போனைக் காதிலிருந்து எடுத்து ஒரு தடவை பார்த்தாள். அவள் கல்யாணத்துக்குப் பிறகு ஒரு தீபாவளிக்குக்கூட அந்த வீட்டிலிருந்து புடவை வந்ததில்லை.

ஆனாலும் போனாள். கவிதாவைப் பார்க்க வேண்டும் என்றுதான் போனாள்.

திண்டிவனத்தில் ஏறிய பஸ்ஸில் மூன்று பேர் சீட்டில் நான்காவதாக ஒருவன் தொடையை நுழைத்து உட்கார்ந்தான். கூட்டேரிப்பட்டு தாண்டியதும் முன் சீட்டுக்காரி ஜன்னலுக்கு வெளியே வாந்தி எடுத்தாள். பாதி காற்றில் திரும்பி உள்ளே வந்தது. போதும்பொண்ணு முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். இன்றைய நாளுக்கு இதுதான் பன்னீர் போலிருக்கிறது என்று நினைத்தாள்.

சிறு வயதில் அவளை இப்படித்தான் ஊர் ஊராக அழைத்துப் போவார்கள். பூவரசன் பிறந்த பிறகு அவள் பெயர் பலித்த பெயர் என்று சுற்றுவட்டாரமெல்லாம் பரவிவிட்டது. எந்த வீட்டில் மூன்றாவது பெண், நான்காவது பெண் என்றாலும் ஆள் வரும். அப்பா சைக்கிளின் முன் கம்பியில் உட்கார வைத்து ஓட்டுவார். இருட்டான அறை. வேர்வையும் ரத்தவாடையும் பூண்டு வாடையுமாக மூச்சு முட்டும். "உன் பேரச் சொல்லுடி கண்ணு. அது காதுல மூணு தபா சொல்லு" என்பார்கள். அவள் குனிந்து, பிறந்த வெண்மாவு இன்னும் போகாத அந்தச் சின்னக் காதில், "போதும்பொண்ணு" என்று மூன்று முறை சொல்வாள். கை நிறைய வறுத்த மல்லாட்டைக் கடலையும் வெல்லமும் கிடைக்கும்.

ஒவ்வொரு வீட்டிலும் பெற்றவள் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்திருப்பாள். ஏன் ஒருத்திகூட நம் முகத்தைப் பார்ப்பதில்லை என்று அப்போது அவளுக்குப் புரிந்ததில்லை.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் ஸ்கேன் சென்டரில் டோக்கன் கூப்பிடும்போது அட்டையில் அதே பெயர் இருந்தது. தன் பெயரைத் தானே சத்தம் போட்டுக் கூப்பிட்டாள். வயிற்றைத் தள்ளிக்கொண்டு ஒருத்தி எழுந்து வந்தாள். எந்த ஊர் என்று கேட்டதற்கு அனந்தபுரம் என்றாள். அப்பா சைக்கிளில் போன ஊர்களில் அதுவும் ஒன்று. அன்று மத்தியானம் போதும்பொண்ணுக்குச் சோறு இறங்கவில்லை.

புருஷன் செல்வகுமாரின் வீட்டார் அவளைப் பெண் கேட்டு வந்ததும் இந்தப் பெயருக்காகத்தான். அவள் வந்தால் ஆணாகப் பிறக்கும் என்று கணக்குப் போட்டார்கள். பிறந்தது ஒரு பெண். அதோடு குடும்பக் கட்டுப்பாடு ஆபரேஷன் செய்துகொண்டு வந்துவிட்டாள். மாமியார் வாரம் முழுக்கத் தட்டை ணங்கென்று வைத்தாள். வைக்கட்டும் என்று இவள் சாப்பிட்டாள்.

விழுப்புரத்தில் இறங்கி ஷேர் ஆட்டோ பிடித்து நர்சிங் ஹோம் வந்து சேர்ந்தாள். மாடிப்படியில் பினாயில் வாடை. அதற்கடியில் பினாயிலால் மறைக்க முடியாத வேறு வாடை. அறைக்கு வழி கேட்டபோது, துடைப்பத்தோடு நின்ற ஆயா, "மூணாவதும் பொட்டச்சியாப் பெத்தாளே, அந்தப் பொண்ணா? கடைசி ரூமு" என்றாள். அடையாளம் சொல்ல அவளுக்கு வேறு எதுவும் தேவைப்படவில்லை.

கவிதா கட்டிலில் ஒருக்களித்துப் படுத்திருந்தாள். முகம் வெளுத்து உப்பியிருந்தது. பக்கத்தில் ரோஜா நிற டவலுக்குள் குழந்தை. அம்மணி மூலையில் உட்கார்ந்து பிளாஸ்க்கைக் கழுவிக்கொண்டிருந்தாள். ஒரே பிளாஸ்க்கை அவள் திரும்பத் திரும்பக் கழுவினாள்.

"வாங்க அண்ணி. பஸ்ஸுல எடம் கெடச்சிதா?"

"கெடச்சிது. தையல் வலிக்குதா?"

"தும்முனாதான் உயிரு போவுது. அதனால தும்மறதில்ல."

போதும்பொண்ணு சிரித்தாள். கவிதா சிரிக்கவில்லை. கதவுப் பக்கம் ஒரு பார்வை பார்த்துவிட்டுச் சொன்னாள்.

"எதுக்குக் கூப்ட்டாங்கன்னு சொன்னாங்களா?"

"கொழந்தைய உள்ள எடுத்துனு போவணும்னாரு நைனா."

"பேரு வைக்கணும். வாசப்படி தாண்டறதுக்கு முன்னாடி நீங்கதான் காதுல சொல்லணுமாம். உங்க பேர."

போதும்பொண்ணு கட்டிலின் இரும்புக் கம்பியைப் பிடித்தாள். கம்பி பிசுபிசுத்தது. கையை எடுத்துப் புடவையில் துடைத்தாள்.

"பெரியவளுக்கு வர்ஷினி, சின்னவளுக்கு யாழினின்னு நியூமராலஜி பார்த்து வச்சோம் இல்ல? அதான் தப்பாப் போச்சாம். வழக்கத்த வுட்டதால சாமி கண்ணத் தொறக்கலையாம்."

"பூவரசன் இன்னா சொல்றான்?"

"ஆதாருல நிஹாரிகான்னு போட்டுக்கலாம், வூட்ல மட்டும் அந்தப் பேரு இருக்கட்டும்ன்றாரு. அடுத்தது பையனாப் பொறக்கற வரைக்கும்."

"அடுத்ததா?"

அம்மணி பிளாஸ்க்கைக் கீழே வைத்தாள். சத்தம் கேட்டது.

கவிதா ஏதோ கடை விவரம் சொல்கிற மாதிரிச் சொன்னாள். "மூணும் ஆபரேஷன். டாக்டரம்மா உள்ள பார்த்துட்டு, கர்ப்பப்பை நைஞ்ச துணி மாதிரி கீது, இன்னொண்ணு தாங்காது, தாயும் போயிடும்னாங்க. இப்பவே குடும்பக் கட்டுப்பாடு பண்ணிடட்டுமான்னு டேபிள் மேலயே கேட்டாங்க. பண்ணிடுங்கம்மான்னேன். எனக்கு நெனவு இருந்திச்சி அண்ணி, தெளிவாச் சொன்னேன். நர்சு வெளிய போயி உங்க தம்பியக் கேட்டுட்டு வந்தாங்க. வேணாம்னுட்டாராம். அப்படியே தச்சிட்டாங்க."

அறுத்து வைத்திருந்தது இவள் வயிறு. வெளியே நின்றவனிடம் போய்க் கேட்டிருக்கிறார்கள், கடையில் மூட்டையைக் கட்டவா வேண்டாமா என்று கேட்பது போல.

குழந்தை டவலுக்குள் முனகியது. போதும்பொண்ணு குனிந்து பார்த்தாள். ஒரு காது மடிந்து ஒட்டியிருந்தது. அந்தக் காதைப் பார்க்கவே அவளுக்குக் கூசியது.

பூவரசன் நர்சிங் ஹோமுக்கு எதிரே டீக்கடையில் நின்றிருந்தான். கையில் முட்டை போண்டா. எண்ணெய் அவன் மணிக்கட்டு வரை வழிந்திருந்தது. அக்காவைப் பார்த்ததும் வாய் நிறையச் சிரித்தான்.

"வாக்கா. போண்டா துண்றியா? சூடா கீது."

"டாக்டரம்மா உங்கிட்ட இன்னா சொன்னாங்க?"

மென்றுகொண்டே யோசித்தான். "அவங்க அப்படித்தான்கா சொல்வாங்க. அவங்க தொழிலு. என் ஃபிரண்டு சம்சாரத்துக்கு நாலு சிசேரியன். மாடு மாதிரி நடமாடிகினு கீது."

"கவிதா செத்துட்டா?"

"ஏன்கா அபசகுனமாப் பேசற? நாளைக்கேவா பெத்துக்கப் போறோம்? ரெண்டு வருசம் கழிச்சி. அதுவும் சும்மா இல்ல. அடுத்தது பையன்னு கேரண்டி இருந்தா ஒரு தபா ரிஸ்க் எடுக்கலாம்ல?"

"கேரண்டி யாரு குடுத்தா?"

"நீதான்." அவன் கையை நீட்டி அவளையே காட்டினான். விரலில் மஞ்சள் கரு ஒட்டியிருந்தது. "உன் பேருதான் ராசி. தோ, நான் நிக்கறேன் இல்ல, அத்தாட்சி?"

"நான் சொல்ல மாட்டேன்டா."

பூவரசன் போண்டாவின் கடைசித் துண்டை வாயில் போட்டுக்கொண்டு காகிதத்தைக் கசக்கினான். கோபமே இல்லாமல் பேசினான். அதுதான் அவளுக்குத் தாங்கவில்லை.

"நீ சொன்னாலும் அடுத்தது உண்டு. சொல்லாட்டியும் உண்டு. சொன்னா பையன் பொறப்பான், அவளும் அதோட ஆபரேஷன் பண்ணிக்குவா, பிரச்சின முடிஞ்சிது. சொல்லாம நாலாவதும் பொண்ணா வந்தா அப்பால அஞ்சாவது. அந்தப் பாவம் உன் தலையிலதான் வுடியும். யோசிச்சிக்க."

உதட்டைப் புறங்கையால் துடைத்தான். ஜி-பே பண்ணிவிட்டு, காருக்குச் சொல்லியாயிற்றா என்று யாருக்கோ போன் போட்டான்.

போதும்பொண்ணு அங்கேயே நின்றாள். நான்கு வயசு இளையவன். சின்னப் பிள்ளையில் இவன் மூக்கை அவள் பாவாடையால்தான் துடைப்பாள். அப்போது அருவருக்கவில்லை. இப்போது இவன் தின்ற கையைப் பார்க்க முடியவில்லை.

காரில் முன்னால் பூவரசன். பின்னால் கவிதாவும் அம்மணியும் இவளும். மடியில் குழந்தை. டிரைவர் பாட்டு வைத்தான். பூவரசன் தாளம் போட்டான். ஒவ்வொரு வேகத்தடையிலும் கவிதா பல்லைக் கடித்து வயிற்றைக் கையால் தாங்கிக்கொண்டாள். அம்மணி ஜன்னல் வழியே பார்த்தபடி வந்தாள். அவள் உதடு மட்டும் அசைந்தது. சாமி பெயரைச் சொல்கிறாள் என்று போதும்பொண்ணு நினைத்துக்கொண்டாள்.

விக்கிரவாண்டி டோல்கேட்டுக்குக் கொஞ்சம் முன்னால் ஊருக்குத் திரும்பும் பாதை. கரும்பு லாரி ஒன்று வழியை அடைத்து நின்றிருந்தது. காத்திருக்கும் நேரத்தில் அவள் கவிதாவின் காதருகே குனிந்தாள்.

"நான் சொல்லப் போறதில்ல. கேட்டியா?"

"சொல்லலன்னா உங்கள வூட்ல சேர்க்க மாட்டாங்க அண்ணி."

"சேர்க்காட்டி போறாங்க."

 கவிதாவின் கை வந்து குழந்தையின் காலை டவலோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டது.

வீட்டு வாசலில் சாணம் தெளித்துக் கோலம் போட்டிருந்தது. அக்கம்பக்கத்துப் பெண்கள் நாலைந்து பேர் ஆலத்தட்டோடு நின்றார்கள். வீரமுத்து வெள்ளை வேட்டி சட்டையில், தலைக்கு எண்ணெய் தேய்த்து, கல்யாண வீட்டுக்காரர் மாதிரி இருந்தார். கையில் புடவைப் பை.

காரிலிருந்து பூவரசன்தான் முதலில் இறங்கி ஓடினான். வாசற்படியின் உள்பக்கம் போய் நெஞ்சை நிமிர்த்தி நின்றான். குழந்தை படி தாண்டும்போது எதிரே ஆம்பிளை நிற்க வேண்டும் என்பது ஏற்பாடு. பெண் குழந்தை கண்ணில் பட்டுவிடக் கூடாது. அதனால் வர்ஷினியையும் யாழினியையும் உள்ளறையில் விட்டு வெளியே தாழ் போட்டிருந்தார்கள். ஜன்னல் கம்பிக்குப் பின்னால் இரண்டு தலைகள் தெரிந்தன. "அம்மா வந்துடுச்சி, அம்மா வந்துடுச்சி" என்று சின்னது கத்தியது. யாரும் திரும்பவில்லை.

"நீ கார்லயே இரும்மா கவிதா. பேரு வச்சி உள்ள போன அப்பால எறங்கலாம்" என்றார் வீரமுத்து. பிறகு மகளிடம் திரும்பி, "வாடி என் ராசாத்தி" என்றார்.

முப்பத்துச் சொச்சம் வயசில் முதல் தடவையாக அவர் வாயிலிருந்து அவளுக்கு அந்தச் சொல் வந்தது.

குழந்தையோடு படி வரைக்கும் நடந்தாள். ஆலத்தட்டுக்காரிகள் வழி விட்டார்கள். வீரமுத்துவுக்குப் பேச வந்துவிட்டது. நாலு பேர் கூடினால் இந்தக் கதையைச் சொல்லாமல் அவரால் இருக்க முடியாது.

"பார்த்துக்குங்க. ரெண்டு பொட்டப்புள்ள. மூணாவது இவ வந்தா. எங்கப்பன் சொன்னாரு, பேர வச்சிக் கட்டுடா, தன்னால நிக்கும்னு. வச்சேன். வச்ச கையோட சிங்கக்குட்டியாட்டம் தோ நிக்கறான். இவ வாய் பட்ட எடமெல்லாம் பலிச்சிது. அனந்தபுரம் வரைக்கும் இட்டுனு போயிருக்கேன் இவள. சொல்லும்மா. மூணு தபா. சத்தமாவே சொல்லு, எல்லாரும் கேக்கட்டும்."

குழந்தை கண்ணைத் திறந்து பார்த்தது. எதையும் பார்க்கிற பார்வையில்லை. வெளிச்சம் கூசி மறுபடி மூடிக்கொண்டது.

"சொல்ல மாட்டேன் நைனா."

"இன்னா?"

"சொல்ல மாட்டேன்னேன். மூணாவது ஆபரேஷனுக்கே அவ பாதி செத்துட்டா. நான் பேரச் சொல்லி, நீங்க அத நம்பி, நாலாவதுக்கு அவள டேபிள் மேல தூக்கிப் போடுவீங்க. அதுக்கு என் வாய் வராது."

ஆலத்தட்டுக்காரி ஒருத்தி, "நல்ல நேரத்துல இன்னாத்துக்கும்மா இப்படி பேஜாரு பண்ற?" என்றாள்.

வீரமுத்துவின் முகத்திலிருந்து ராசாத்தி இறங்கிவிட்டாள். பழைய முகம் வந்தது. "ஸ்கேனுல கேட்டுச் சொல்லுடின்னா மாட்டேன்ன. இப்ப பேரச் சொல்லுடின்னாலும் மாட்டேன்ற. இந்தக் குடும்பத்துல வெளக்கு எரியக் கூடாதுன்னு எத்தினி நாளாடி நெனச்சிகினு கீற? உன்னால ஆன ஒரே நல்ல காரியம் உன் பேருதான். உனக்கு அப்பால இந்த வூட்டுல பொட்டப்புள்ள பொறந்துச்சா? சொல்லுடி, பொறந்துச்சா?"

"பொறந்துச்சே."

குரல் காரின் பக்கமிருந்து வந்தது. அம்மணி கதவைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தாள். காலையிலிருந்து அவள் வாயிலிருந்து வந்த முதல் சொல் அதுதான்.

"பொறந்துச்சேண்ணே. இவளுக்கும் மாப்பிள்ளைக்கும் நடுவுல. ஆடி மாசம். நான் அப்ப பக்கத்து வூட்ல தானே இருந்தேன்? வெந்நி வச்சிக் குடுத்தவ நான். கழுவித் துணியில சுத்திக் குடுத்தவ நான். நல்லா கத்திச்சி. தெருவுக்கே கேட்டிச்சி. மறுநாள் வெடிகாலைல கத்தல."

தெருவில் ஒரு டிராக்டர் போனது. அது போய்த் தொலையும் வரை எல்லோரும் நின்றார்கள்.

"பால் குடிக்கல, போயிடுச்சின்னு சொன்னீங்க. நானும் வாய மூடிகினேன். எல்லாரும் மூடிகினாங்க. இத்தினி வருசமா இவ பேரு பலிச்சிது, பலிச்சிதுன்னு நீங்க ஊரக் கூட்டிச் சொல்ற அப்பல்லாம் மூடிகினுதான் இருந்தேன். இந்த வூட்டுலயே பொண்ணையும் குடுத்தேன் பாரு, என்னச் சொல்லணும். ஆனா இன்னிக்கி என் பொண்ணு வயித்த அறுக்கறதுக்கு அந்தப் பேரச் சாட்சி சொல்றீங்களே. எங்கண்ணே பலிச்சிது?"

போதும்பொண்ணு அப்பனைப் பார்த்தாள். இல்லை என்று சொல்வார் என்று காத்திருந்தாள். கிழவி உளறுகிறாள் என்று ஒரு வார்த்தை. பொய்யாக இருந்தாலும் பரவாயில்லை.

வீரமுத்து வேட்டியைச் சரி செய்துகொண்டார். அவருக்கு வெட்கமில்லை. வழக்கில் ஓர் ஓட்டையை அடைக்கிறவரைப் போலப் பொறுமையாகப் பேசினார்.

"அதுக்குப் பேரே வைக்கலையேம்மா. வாசப்படியும் தாண்டல. பேரு வைக்கறதுக்கு முன்ன போனத யாராவது கணக்குல சேர்ப்பாங்களா? இவளுக்கு அப்பால பேரு வச்ச புள்ளைன்னு பார்த்தா பூவரசன்தான்."

ஆலத்தட்டுக்காரிகளில் மூத்தவள் மெல்லத் தலையாட்டினாள். சரிதானே என்பது போல.

போதும்பொண்ணு டவலுக்குள் மடிந்து கிடந்த காதைப் பார்த்தாள். எத்தனை காதுகளில் தன் பெயரை ஊதியிருப்பாள்! அந்தப் பெயருக்கு ராசியும் இல்லை, மண்ணும் இல்லை. இரவு கத்தி விடியலில் கத்தாமல் போன ஒன்றின் மேல் ஏறி நின்றுகொண்டு ஊருக்கெல்லாம் வெல்லம் வாங்கித் தின்றிருக்கிறார்கள். அம்மா செத்து எட்டு வருஷமாகிறது. கடைசி வரை ஒரு வார்த்தை சொல்லவில்லை. அந்த வீடுகளிலெல்லாம் பெற்ற பெண்கள் சுவரைப் பார்த்துப் படுத்திருந்த மாதிரி, அவளும் சுவரைப் பார்த்தபடியே போய்விட்டாள்.

இனி இவர்களுக்குச் சொல்ல என்ன இருக்கிறது? பெயர் பலிக்கவில்லை என்று இன்று எல்லோருக்கும் தெரிந்துவிட்டது. தம்பி கேட்டிருப்பான். அவன் கேரண்டி போய்விட்டது. கவிதா தப்பித்தாள் என்று ஒரு நொடி, ஒரே ஒரு நொடி அவளுக்கு மூச்சு வந்தது.

பூவரசன் படியின் உள்பக்கம் அதே இடத்தில் நின்றிருந்தான். அவன் அக்காவைப் பார்க்கவில்லை. அம்மணியைப் பார்க்கவில்லை. அப்பனைப் பார்த்தான்.

"அப்ப..." என்றான். நிறுத்தினான். நாக்கால் உதட்டை ஈரப்படுத்திக்கொண்டு கேட்டான். "பேரு வச்சும் பொண்ணுதான் வந்துச்சின்னா... அப்பால நான் பொறக்கறதுக்கு இன்னாதான் பண்ணீங்க நைனா?"

அதில் கோபமில்லை, பயமில்லை. பக்கத்துக் கொல்லையில் மல்லாட்டை கொத்துக் கொத்தாக விளைந்தால், என்ன உரம் போட்டாய் என்று கேட்பார்களே, அந்தக் குரல்.

 வீரமுத்து மகன் முகத்தைப் பார்த்தார். பிறகு அவர் கண் மெதுவாக நகர்ந்து டவலின் மேல் வந்து நின்றது.

பூவரசன் படியில் ஒரு கால் இறக்கி இரண்டு கைகளையும் நீட்டினான். மணிக்கட்டில் எண்ணெய் காய்ந்திருந்தது.

"சரிக்கா. நீ பேரு சொல்ல வேணாம். கொழந்தையக் குடு. நான் எடுத்துனு போறேன் உள்ள."

போதும்பொண்ணு பின்னால் நகர்ந்தாள். கோலத்தை மிதித்தாள். இன்னும் ஒரு அடி. குழந்தையை நெஞ்சோடு இறுக்கியதில் அது வீறிட்டது. கத்து, நல்லாக் கத்து என்று மனசுக்குள் சொன்னாள்.

பின்னால் கார் கதவு முழுக்கத் திறந்தது. கவிதா ஒரு கையால் வயிற்றைத் தாங்கி, மறு கையால் சீட்டைப் பிடித்து, காலை வெளியே வைத்துவிட்டாள். அவள் முகத்தில் வேர்வை முத்து முத்தாக நின்றது. அந்த வீட்டுக்கு மருமகளாக வந்ததிலிருந்து யாரையும் அவள் அதட்டியதில்லை.

"டிரைவரண்ணா, வண்டிய ஆஃப் பண்ணாதீங்க" என்றாள். "அண்ணி, புள்ளைய எங்கிட்டக் குடுங்க. குடுத்துட்டு உள்ள போயி, தாழத் தொறந்து, என் ரெண்டு பொண்ணுங்களையும் இட்டுனு வாங்க."

குழந்தை கைமாறியது. அம்மணி கார் கதவை மறித்து நின்றுகொண்டாள்.

போதும்பொண்ணு திரும்பினாள். படியில் அப்பனும் தம்பியும் தோளோடு தோள் நின்றார்கள். ஜன்னல் கம்பிக்குப் பின்னால் இரண்டு தலைகளும் சத்தமில்லாமல் இருந்தன. பெரியவளுக்கு ஏதோ புரிந்துவிட்டது. தங்கையின் வாயைக் கையால் பொத்தியிருந்தாள்.

போதும்பொண்ணு செருப்பைக் கழற்றவில்லை. படியேறினாள்.